ஜெல்லி ஸ்லைஸின் நடு அடுக்கு

எங்கள் நிறுவனத்தில் ஒருவருடைய ஆய்வுக் கட்டுரை அச்சானால் கேக் கொண்டுவர வேண்டியது அவரேதான். ஊரே கூடி மாலை போடும் என்று நினைத்து இந்த ஹோபார்ட் நகரத்துக்கு வந்தவர்கள் முதல் மாதத்திலேயே தெளிந்துவிடுவார்கள். உங்கள் வெற்றிக்கு நீங்களே முட்டை அடித்து, நீங்களே ஓவனில் வைத்து எடுத்து, புதன்கிழமை காலை பத்தரைக்குத் தேநீர் அறை மேசையில் இறக்கிவிட்டு, "பெருசா ஒண்ணுமில்ல, சின்னதா ஒரு கட்டுரை" என்று தரையைப் பார்க்க வேண்டும். மற்றவர்கள் தின்றுவிட்டு "கேக் நல்லா இருந்தது" என்பார்கள். கட்டுரையை யாரும் படிப்பதில்லை. அதனால் அதைப் பற்றிப் பேச்சும் இல்லை.

தேநீர் அறைச் சுவரில் ஒரு வெள்ளைப் பலகை. யார், என்ன கேக், என்ன தேதி என்று அதில் எழுதுவது நான். என் பெயர் நோலீன். ஆய்வகப் பொறுப்பாளர். இருபத்தாறு வருடமாகக் கண்ணாடிக் குடுவையிலிருந்து கழிவறைக் காகிதம் வரை என் கையெழுத்து இல்லாமல் இங்கே ஒன்றும் நகர்ந்ததில்லை. யார் பெரிய விஞ்ஞானி, யார் சின்ன விஞ்ஞானி என்று உலகம் எதை வைத்து முடிவு செய்கிறதோ எனக்குத் தெரியாது. நாங்கள் பலகையைப் பார்ப்போம்.

பலகையின்படி, அசோசியேட் புரொபசர் மெர்வின் ஓல்டேக்கர் கடைசியாகக் கேக் கொண்டுவந்து பதினொரு வருடம் ஆகிறது. அதுவும் சூப்பர்மார்க்கெட் சாக்லேட் மட் கேக். 'தள்ளுபடி' என்ற மஞ்சள் சீட்டைக்கூடக் கிழிக்கவில்லை. டாக்டர் பிலிப்பா நான்கெர்விஸ், எங்களுக்குப் பிப், வேலைக்குச் சேர்ந்தே மூன்று வருடம்தான். அவள் பெயருக்கு எதிரே எட்டு கேக்.

பலகையைத் தாண்டாமல் கெட்டிலுக்குப் போக முடியாது. பிப்பின் ஐந்தாவது கேக்குக்குப் பிறகு மெர்வின் வீட்டிலிருந்து ஃபிளாஸ்கில் தேநீர் கொண்டுவர ஆரம்பித்தார்.

அவர்கள் இருவருக்கும் பிழைப்பு கடற்பாசிதான். பாசியில் இருக்கும் வழவழப்பு, அரிசியில் இருக்கும் மாவு, பஞ்சில் இருக்கும் நார் எல்லாம் கிட்டத்தட்ட ஒரே குடும்பம். சின்னச் சின்னச் சர்க்கரைகள் ஆயிரக்கணக்கில் கைகோத்து நின்ற சங்கிலிகள். பாலிசாக்கரைடு என்று பெயர். எந்தச் சர்க்கரை யாருடைய கையை எந்தப் பக்கமாகப் பிடித்திருக்கிறது என்பதைப் பொறுத்து ஒன்று சோறாகும், ஒன்று வேட்டியாகும், ஒன்று பாறையில் காலை வழுக்கிவிடும்.

இருபத்திரண்டு வருடத்துக்கு முன்னால், ஒரு பெரிய புயலுக்குப் பிறகு தெற்குக் கரையில் ஒதுங்கிய பாசி மலையிலிருந்து மெர்வின் ஒரு புதுக் கோந்தைப் பிரித்தெடுத்தார். புதுக் கோந்துக்குப் பெயர் வைப்பவர்கள் கடைசியில் 'அன்' சேர்ப்பது தொழில் வழக்கம். முன்னால் பாசியின் பெயர் வரும், அல்லது கிடைத்த இடத்தின் பெயர் வரும். மெர்வின் அதற்கு 'ஓல்டேக்கரன்' என்று வைத்தார்.

ஓல்டேக்கரனிடம் ஒரே ஒரு குறை. அது கெட்டிப்படாது. சூடாக்கினார், குளிர வைத்தார், உப்புப் போட்டார், அமிலம் ஊற்றினார். தண்ணீராகவே இருந்தது. அது ஏன் கெட்டிப்படவில்லை என்று ஏழு கட்டுரை எழுதினார். எட்டாவதை வாங்க ஆளில்லை.

பிப் கண்டுபிடித்தது டின்பாட் குடாவில் படகுக்காரர்கள் செருப்பிலிருந்து வழித்துப் போடும் சிவப்புச் சளிப்பாசியில். பெயர் டின்பாட்டன். பச்சைத் தண்ணீரில் ஒரு சிட்டிகை போட்டால் பத்து நிமிடத்தில் பிடித்துக்கொள்ளும். பிடித்த பிறகு தண்ணீர் கசியாது. ஆஸ்பத்திரிக்காரர்கள் தீக்காயத்துக்குப் போட்டுப் பார்க்கிறோம் என்று வந்தார்கள். ஐஸ்கிரீம்காரர்கள் வந்தார்கள். கடைசியில் ரேடியோக்காரர்களும் வந்தார்கள்.

"நேத்து ரேடியோல அவ பேசினாளாமே, நோல்" என்று மெர்வின் என் மேசைப் பக்கம் வந்தார். "நான் கேக்கல."

"நல்லாப் பேசிச்சு, மெர்வ்."

"மெர்வின். பதினோரு நிமிஷமாம். அதுல 'என்னோட குழு'ன்னு ஆறு தடவை. குழு எங்க இருக்கு? உதவிக்கு நஸ்ரீன் ஒருத்திதானே?"

"கேக்கலன்னீங்க."

"வீட்ல ஓடிக்கிட்டு இருந்தது" என்றார்.

அதற்குப் பொறாமை என்று அவர் பெயர் வைத்ததே இல்லை. "தரத்தைப் பத்திக் கவலைப்படறேன்" என்பார். பிப்பின் அறை ஜன்னலில் டெர்வென்ட் ஆறு தெரியும், அவர் ஜன்னலில் குப்பைத்தொட்டிகள் தெரியும். அதுவும் தரம் பற்றிய கவலையில் சேர்ந்தது. நிறுவனத்தின் பாதுகாப்புக் குழுவுக்கு அவர்தான் தலைவர். வேறு யாரும் அந்தப் பதவியைக் கேட்கவில்லை. 'உணவும் பானமும் ஆய்வகத்துக்குள் நுழையக் கூடாது' என்று ஒவ்வொரு கதவிலும் ஒட்டியிருப்பது அவர் எழுதிய வாசகம், கீழே அவர் கையெழுத்து. போன குளிர்காலத்தில் பிப் வாயில் இருமல் மிட்டாயோடு ஆய்வகத்தில் நின்றாள் என்று மூன்று பக்கம் எழுதி அவள் கோப்பில் சேர்த்தார்.

இதெல்லாம் பழைய கதை. கடற்கோந்து ஆய்வுக்கென்று தனியாக ஒரு மையம் வரப்போகிறது, அதற்கு இயக்குநர் ஒருவர் வேண்டும் என்ற செய்தி வந்த நாளிலிருந்து காற்று மாறிவிட்டது. விண்ணப்பம் போட்டவர்கள் இரண்டே பேர். இருவரும் ஒரு வெள்ளிக்கிழமை எல்லோர் முன்னிலையிலும் பேச வேண்டும், அன்றைக்கே முடிவு. மெர்வினுக்கு ஐம்பத்தொன்பது வயது. இது கைநழுவினால் அடுத்த நாற்காலி ஓய்வு நாற்காலிதான்.

"பித்தளையில பெயர்ப்பலகை என்ன விலைன்னு விசாரிச்சு வை, நோல்" என்றார் என்னிடம். "யாருக்குன்னு சொல்ல வேணாம்."

"எத்தனை எழுத்துன்னு கேப்பாங்களே?"

"நீளமான பேர்னு சொல்லு."

நான் சிரித்துக்கொண்டேன். மற்றவர்களுடைய பொறாமையைப் பார்ப்பதில் ஒரு சௌகரியம், நம்முடையது அப்போது தூங்கும். என்னுடையது அந்த வாரப் புதன்கிழமை விழித்துக்கொண்டது.

பிப் தன் ஒன்பதாவது கேக்காக ஜெல்லி ஸ்லைஸ் கொண்டுவந்தாள்.

எங்கள் பக்கத்தில் ஜெல்லி ஸ்லைஸ் எப்படி என்றால், அடியில் பிஸ்கட் தூளும் வெண்ணெயும், நடுவில் கண்டென்ஸ்டு மில்க்கும் எலுமிச்சையும் ஜெலட்டினும், மேலே சிவப்பு ஜெல்லி. மூன்று அடுக்கும் கோடு போட்ட மாதிரி நிற்க வேண்டும். ஹியூவன் பள்ளத்தாக்கின் விவசாயக் கண்காட்சியில் ஜெல்லி ஸ்லைஸுக்கு நான்கு முறை முதல் பரிசு நீல ரிப்பன் வாங்கியவள் நான். நான் கட்டுரை எழுதுகிறவள் இல்லை. அதனால் ஒவ்வொரு வருடமும் என் பிறந்தநாளுக்குச் செய்துகொண்டு வருவேன். இந்தக் கட்டடத்தில் ஜெல்லி ஸ்லைஸ் என்றால் நோல். இருபத்தாறு வருடமாக அப்படித்தான்.

"நோல், நீங்கதான் முதல்ல" என்று தட்டை என்னிடம் நீட்டினாள் பிப். ஆளைப் பார்த்தால் கோபப்படத் தோன்றாது. மெர்வினுக்கு அதிலும் ஒரு கோபம் உண்டு. "பயப்படாம சாப்பிடுங்க. சாப்பிட அனுமதி வாங்கின பொடிதான் போட்டிருக்கேன்."

"நடுவுல என்ன கண்ணு?"

"கண்டென்ஸ்டு மில்க், எலுமிச்சை, டின்பாட்டன். அவ்வளவுதான். ஜெலட்டினே கிடையாது. மாட்டுத்தோல், பன்னித்தோல் எதுவும் இல்ல."

"அப்ப எனக்கு!" என்று நஸ்ரீன் கை நீட்டினாள். ஒரு கடி கடித்துக் கண்ணை மூடிக்கொண்டாள். "அடேயப்பா. மூணு வருஷமா நோல் கொண்டுவர்றப்பெல்லாம் வேடிக்கைதான் பாத்துக்கிட்டு இருந்தேன். இதுதான் ஜெல்லி ஸ்லைஸா?"

இது இல்லை ஜெல்லி ஸ்லைஸ் என்று சொல்ல வாயைத் திறந்தேன். வாயில் பிப்பினுடையது இருந்தது. முதல் கடியிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. நடு அடுக்கின் மஞ்சள் எலுமிச்சை மஞ்சள் இல்லை. நாக்கில் ஒரு மாவு நைப்பு, பின்னால் வெனிலா. கஸ்டர்ட் பவுடர்! டப்பாவில் அடைத்து விற்கும் கஸ்டர்ட் பவுடர்! கண்காட்சியில் இதை வைத்திருந்தால் நடுவர் கத்தியைக்கூட எடுத்திருக்கமாட்டார்.

"எப்படி இருக்கு, நோல்?" என்று பிப் கேட்டாள்.

"நிக்குது" என்றேன். அதற்கு மேல் ஒரு சொல்லும் தரமாட்டேன் என்று முடிவு செய்தேன். அவளுடைய ரகசியத்தை ஒரு மிட்டாய் மாதிரி கன்னத்தில் ஒதுக்கிவைத்துக்கொண்டேன். எனக்கு அது ஒன்பது நாள் இனித்தது.

அன்றைக்கு மெர்வினும் வந்திருந்தார். வராமல் இருந்தால் பொறாமை என்பார்கள் என்று வந்திருப்பார். ஒரு துண்டை எடுத்தார், கடிக்கவில்லை. வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்தார், தட்டினார், முகர்ந்தார். பிறகு காகிதக் கைக்குட்டையில் பத்திரமாகச் சுற்றிக் கோட்டுப் பையில் போட்டுக்கொண்டார். மனைவிக்குக் கொண்டுபோகிறார் போலிருக்கிறது, மனுஷனுக்கும் மனசு இளகும் என்று நினைத்தேன். இருபத்திரண்டு வருடப் பழக்கம் இருந்தும் அப்படி நினைத்தேன்.

மதியம் குளிர் அறையில் ஒரு பெரிய பீக்கர் தண்ணீரில் டயாலிசிஸ் பை ஒன்று மிதந்துகொண்டிருந்தது. 'மெ.ஓ. தொடாதே' என்று எழுதியிருந்தது. சின்னச் சர்க்கரையெல்லாம் பையின் சவ்வு வழியாக வெளியே போய்விடும், நீளச் சங்கிலிகள் மட்டும் உள்ளே தங்கும். கோந்துக்காரர்கள் தினமும் செய்வதுதான். இரண்டு நாள் தண்ணீர் மாற்றிக்கொண்டிருந்தார். சனி, ஞாயிறும் வந்து மாற்றினாராம். செவ்வாய்க்கிழமை ஒரு குப்பியை என்னிடம் கொடுத்தார்.

"அமிலத்துல உடைச்சிட்டேன். என்ன சர்க்கரைன்னு மட்டும் மிஷின்ல ஓட்டிச் சொல்லு."

"என்ன சாம்பிள் இது? பேர் எழுதலியே."

"ஒரு கோந்து."

"எந்தக் கோந்து?"

"ஒரு கோந்துன்னு எழுதிக்கோ, நோல்."

ஓட்டினேன். திரையில் குளுக்கோஸ் மலை மாதிரி எழுந்து நின்றது. பக்கத்தில் கேலக்டோஸ், எறும்புப் புற்று அளவுக்கு ஒரு மேடு. காகிதத்தில் எடுத்துக் கொடுத்தேன். மெர்வின் மலையைப் பார்த்தார். அவர் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை ஓல்டேக்கரனைக் கண்டுபிடித்த அன்றுகூட நான் பார்த்ததில்லை.

"பக்கத்துல இன்னொண்ணும் சின்னதா இருக்கு, மெர்வ்" என்றேன்.

"அது அழுக்கு" என்றார். 'மெர்வின்' என்று திருத்தக்கூட இல்லை.

போகும்போது அயோடின் குப்பி ஒன்றும் வாங்கிக்கொண்டு போனார். அவர் அறையிலிருந்து விசில் சத்தம் கேட்டது. குப்பைத்தொட்டிகளைப் பார்த்துக்கொண்டு விசில் அடிக்கும் மனிதனை நினைத்தால் எனக்கே கொஞ்சம் பயமாக இருந்தது.

வெள்ளிக்கிழமை கருத்தரங்கு அறை நிரம்பிவிட்டது. முன்வரிசையில் தேர்வுக் குழு. நடுவில் எங்கள் தலைவர் பேராசிரியர் கார்த் மல்கேஹி. கடைசியாகப் பேசியவர் சொன்னதே சரி என்று எப்போதும் நினைப்பவர். அதனால் கடைசியாகப் பேசுவதற்கு எங்கள் இடத்தில் நல்ல போட்டி.

மெர்வின் முதலில் பேசினார். ஓல்டேக்கரனின் வரலாறு ஐம்பது நிமிடம். அது திரவமாகவே இருப்பதை 'ஓட்ட நிலைத்தன்மை' என்று குறிப்பிட்டார். அடுத்துப் பிப். இருபது நிமிடத்தில் முடித்துவிட்டாள். டின்பாட்டன் தானாகவே கெட்டிப்படும், ஜெலட்டினும் வேண்டாம், மாவும் வேண்டாம் என்று படம் போட்டுக் காட்டினாள். ஒரு தீக்காயத்தின் படம் வந்தபோது முன்வரிசையில் ஒருவர் குனிந்து குறிப்பெடுத்தார். மெர்வின் அந்தப் பேனாவையே பார்த்துக்கொண்டிருந்ததை நான் பார்த்தேன்.

"கேள்விகள்?" என்றார் கார்த்.

மெர்வின் எழுந்தார். கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டார்.

"இது கேள்வி இல்ல. ஒரு அவதானிப்பு."

நஸ்ரீன் என் காதில், "போச்சு. இன்னைக்கு சாப்பாடு ரெண்டு மணிக்குத்தான்" என்றாள்.

"மாவே இல்லாம கெட்டிப்படுதுன்னு டாக்டர் நான்கெர்விஸ் சொல்றாங்க. கேக்க நல்லாத்தான் இருக்கு. எனக்கு யார் மேலயும் தனிப்பட்ட வருத்தம் கிடையாது. ஆனா அறிவியல் இருக்கே, அதுக்குத் தாட்சண்யம் தெரியாது." ஒரு காகிதத்தைத் தலைக்கு மேல் பிடித்தார். என் மிஷின் காகிதம். "டின்பாட்டன் சாம்பிள் ஒண்ணை நான் சுயேச்சையா பரிசோதிச்சேன். தொண்ணூத்தி நாலு சதவீதம் குளுக்கோஸ். அயோடின்ல கருநீலம். எச்சில்ல இருக்கிற என்சைம் விட்டா அஞ்சு நிமிஷத்துல தண்ணி. நண்பர்களே, இது கடல்ல விளைஞ்சது இல்ல, வயல்ல விளைஞ்சது. இது வெறும் மாவுச்சத்து."

அறை அப்படியே உறைந்தது. அந்த விஷயத்தில் டின்பாட்டனைவிட வேகம். கார்த்தின் தலை மெதுவாக மேலும் கீழும் ஆட ஆரம்பித்தது. கடைசியாகப் பேசியவர் மெர்வின் அல்லவா.

பிப்புக்கு முகம் வெளுத்துவிட்டது. "எந்த சாம்பிள்? என் பொடி பூட்டின அலமாரில இருக்கு. சாவி என்கிட்டயும் நஸ்ரீன்கிட்டயும்தான். உங்களுக்கு யார் குடுத்தது?"

"நீங்கதான்."

"நானா?"

"போன புதன்கிழமைக்கு முந்தின நாள் இல்ல, முந்தின புதன்கிழமை" என்று மெர்வினே தேதியில் கொஞ்சம் தடுமாறினார். "காலை பத்தரை மணி. பொதுவெளியில வழங்கினீங்க. பால், எலுமிச்சை, டின்பாட்டன், வேற ஒண்ணுமே இல்லைன்னு சாட்சிகள் முன்னாடி சொன்னீங்க. நான் பரிசோதிச்சது நடு அடுக்கு."

இந்த இடத்தில் நான் செய்ததைப் பற்றி இன்றுவரை இங்கே இரண்டு கட்சி இருக்கிறது. நோல் நியாயத்துக்காக எழுந்தாள், ஒரு இளம் விஞ்ஞானியைக் காப்பாற்றினாள் என்று ஒரு கட்சி. நஸ்ரீன் அந்தக் கட்சி. இன்னொரு கட்சியில் நான் ஒருத்திதான், உண்மை எனக்குத் தெரியும். 'நடு அடுக்கு' என்று அவர் சொன்னதும் ஒன்பது நாளாகக் கன்னத்தில் ஒதுக்கிவைத்திருந்த மிட்டாய் தானாக வெளியே வந்து விழுந்தது.

"கஸ்டர்ட் பவுடர்!" என்று கத்தினேன். "அவ கஸ்டர்ட் பவுடர் போட்டிருக்கா! முதல் கடியிலயே எனக்குத் தெரியும்! கண்டென்ஸ்டு மில்க்கும் எலுமிச்சையும் மட்டும்னு சொன்னது பொய்! வெனிலா வாசனை அடிச்சுதே, ஒருத்தருக்குமா தெரியல?"

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். அவளை அவமானப்படுத்தத்தான் நான் எழுந்தேன். நின்றுகொண்டிருக்கும்போதே, எழுந்த காரியம் நேர்மாறாக நடந்துகொண்டிருப்பது புரிந்தது. கஸ்டர்ட் பவுடர் என்றால் சோளமாவு. இந்த ஊரில் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்குத் தெரியும். முப்பது வருடம் மாவுச்சத்தின் கைப்பிடியைப் படித்த மெர்வின் வாழ்நாளில் ஒரு கஸ்டர்ட் டப்பாவைத் திருப்பிப் பார்த்ததில்லை. வருடத்துக்கு ஒரு கேக்காவது சொந்தமாகச் செய்திருந்தால் தப்பித்திருப்பார்.

பிப்பின் முகம் வெளுப்பிலிருந்து சிவப்புக்குப் போனது. தீக்காயப் படத்துக்குக் கீழே நின்றுகொண்டு, "ரெண்டு ஸ்பூன்" என்றாள் மெல்ல. "நிறம் ரொம்ப வெளுத்திருந்துது. காலைல ஏழு மணிக்கு அம்மாவுக்குப் போன் பண்ணேன், போடுன்னாங்க. நோல் முன்னாடி எப்படிச் சொல்றது? அவங்க நீல ரிப்பன் வாங்கினவங்க."

என் கோபம் அதைக் கேட்டதும் எங்கே உட்காருவது என்று தெரியாமல் தவித்தது. நானும்தான்.

பிப் சட்டென்று நிமிர்ந்தாள். "நஸ்ரீன், தேநீர் அறை ஃபிரிட்ஜ்ல ரெண்டு துண்டு மிச்சம் இருக்கும். எடுத்துட்டு வா. நோல், அயோடின் இருக்கா?"

எங்கள் தேநீர் அறை ஃபிரிட்ஜிலிருந்து எதையும் யாரும் எறிவதில்லை. இரண்டு துண்டும் இருந்தன. பிப் தன் சுத்தப் பொடியை ஒரு கண்ணாடித் தட்டில் தண்ணீர் விட்டுக் கலக்கினாள். பத்து நிமிடம் அறையே மூச்சைப் பிடித்துக்கொண்டு ஒரு தட்டைப் பார்த்தது. பிடித்துக்கொண்டது. கவிழ்த்தாள், விழவில்லை. நான் ஒரு சொட்டு அயோடின் விட்டேன். பழுப்பாகவே நின்றது. ஸ்லைஸின் நடு அடுக்கில் ஒரு சொட்டு விட்டேன். கருநீலம்.

"ரெண்டு ஸ்பூன் சோளமாவு மட்டும் இதைப் பிடிச்சு நிறுத்தியிருந்தா, ஒம்பது நாள்ல தண்ணி விட்டு பிஸ்கட் ஊறிப்போயிருக்கும்" என்று பிப் துண்டைத் தூக்கிக் காட்டினாள். "பாருங்க, அடி மொறுமொறுன்னு இருக்கு. அசோசியேட் புரொபசர், உங்க காகிதத்தைக் கொஞ்சம் தர்றீங்களா? இதோ, மலைக்குப் பக்கத்துல சின்னதா ஒரு மேடு. கேலக்டோஸ். மாவுல அது இருக்காது, அதுதான் டின்பாட்டன். ஒரு சிட்டிகைதான் போட்டேன்."

"அழுக்கு" என்று மெர்வின் முணுமுணுத்தார்.

முன்வரிசையில் ஒருவர் மொறுமொறுப்பைச் சோதிக்கக் கை நீட்டி, அயோடின் நினைவு வந்து கையை இழுத்துக்கொண்டார். கார்த்தின் தலை இப்போது பிப் பக்கமாக ஆடிக்கொண்டிருந்தது. திடீரென்று நின்றது. வருடத்துக்கு ஒரு முறை கார்த் தானாக ஒரு கேள்வி கேட்பார்.

"அது சரி, மெர்வ். இந்த ஸ்லைஸ் உன் ஆய்வகத்துக்குள்ள எப்படிப்பா போச்சு?"

அவருக்குப் பின்னால் கருத்தரங்கு அறைக் கதவில் அவர் கையெழுத்தோடு அந்த வாசகம் ஒட்டியிருந்தது. அறை முழுக்க அதைத்தான் படித்துக்கொண்டிருந்தது.

மையம் பிப்புக்குப் போனது. மறுநாள் பித்தளைக் கடையிலிருந்து எனக்குப் போன். "நீளமான பேருன்னீங்களே, எத்தனை எழுத்து?" என்று கேட்டார்கள். நான்கெர்விஸ் என்று எழுத்துக் கூட்டிச் சொன்னேன். அதுவும் நீளம்தான்.

ஆய்வகத்துக்குள் உணவு கொண்டுபோனவர்கள் படிவம் 7-சி நிரப்ப வேண்டும். பதினான்கு பக்கம். தயாரித்தவர் மெர்வின். நிரப்பிய பிறகு பாதுகாப்புப் பயிற்சிக்கு மறுபடி உட்கார வேண்டும். பயிற்சி கொடுக்க அனுமதி பெற்ற ஒரே ஆளும் மெர்வின்தான். விதியில் சாட்சி வேண்டும் என்று இருந்ததால் திங்கட்கிழமை நான் உட்கார்ந்தேன். அவர் தனக்குத்தானே படங்களைப் போட்டுக் காட்டினார். 'புரிந்ததா?' என்ற கட்டத்தில் தானே டிக் அடித்துக்கொண்டார். பன்னிரண்டாம் பக்கத்தில் 'சம்பவத்துக்கான அடிப்படைக் காரணம்' என்று ஒரு கட்டம். அங்கே பேனாவைக் கடித்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தார்.

"நீங்க எழுதின கேள்விதானே" என்றேன்.

"கேள்வி சரியாத்தான் இருக்கு" என்றார். பிறகு 'அறிவியல் ஆர்வம்' என்று எழுதினார். நான் சாட்சிக் கையெழுத்துப் போட்டேன்.

ஐந்து மாதம் கழித்து ஒரு புதன்கிழமை மெர்வின் தேநீர் அறைக்குள் தட்டோடு வந்தார். இனிப்புகளில் இருக்கும் மாவுச்சத்து கடற்கோந்தை எப்படி மறைத்துவிடுகிறது என்று இரண்டு பக்கக் குறிப்பு ஒன்று ஏதோ ஒரு இதழில் வந்துவிட்டது. தோற்ற கதையிலிருந்தும் ஒரு கட்டுரையைப் பிரித்தெடுத்துவிட்டார் மனுஷன். தட்டில் ஜெல்லி ஸ்லைஸ். முதல் முறையாகச் சொந்தக் கையால் செய்தது. நடு அடுக்குக்கு ஓல்டேக்கரன் போட்டிருந்தார்.

அது கெட்டிப்படவில்லை. பிஸ்கட் ஒரு பக்கமும் சிவப்பு ஜெல்லி ஒரு பக்கமுமாக, நடுவில் மஞ்சளாக ஓடிக்கொண்டிருந்தது. ஒருவரும் சிரிக்கவில்லை. பிப் கோப்பைகளை எடுத்து வந்து எல்லோருக்கும் ஊற்றிக் கொடுத்தாள்.

நஸ்ரீன் ஒரு வாய் குடித்தாள். இன்னொரு வாய் குடித்தாள். "மெர்வின், எலுமிச்சை கச்சிதமா இருக்கு! நான் இங்க குடிச்சதுலயே, சாப்பிட்டதுலயே இதுதான் டாப்."

நான் குடித்தேன். கச்சிதமாகத்தான் இருந்தது. நாக்கில் மாவு இல்லை, வெனிலா இல்லை. நீல ரிப்பன் வாங்கிய என்னுடைய நடு அடுக்கில்கூட அந்தப் புளிப்பு வந்ததில்லை. வாழ்க்கையில் முதல் தடவை அடுப்புப் பக்கம் போன ஆளுக்கு எப்படி வரும்? ஏதாவது சேர்த்திருப்பார். நிச்சயமாகச் சேர்த்திருப்பார்.

எழுந்து போய் என் மேசையிலிருந்து அயோடின் குப்பியை எடுத்து வந்தேன். யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துக் கோப்பையில் ஒரு சொட்டு விட்டேன். பழுப்பாகவே நின்றது. இன்னொரு சொட்டு. பழுப்பு.

"நோல்" என்று பின்னாலிருந்து ஒரு குரல். மெர்வின். குப்பியைப் பார்த்தார், கோப்பையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "ஆய்வக ரசாயனத்தை உணவு உண்ணும் இடத்துக்குள்ள கொண்டுவரக் கூடாது."

"தெரியும், மெர்வின்."

"படிவம் 7-டி. இதுவும் பதினாலு பக்கம்." கோட்டுப் பையிலிருந்து எடுத்தே கொடுத்தார். அந்தக் கோட்டுப் பையில் எப்போதும் ஏதாவது இருக்கும்.

மதியம் உட்கார்ந்து நிரப்பினேன். பன்னிரண்டாம் பக்கத்தில் அதே கட்டம். பேனாவைக் கொஞ்ச நேரம் கடித்தேன். பிறகு 'அறிவியல் ஆர்வம்' என்று எழுதினேன்.

எதிரே உட்கார்ந்திருந்த மெர்வின் அதைத் தலைகீழாகவே படித்துவிட்டு, சாட்சிக் கையெழுத்துப் போட்டார்.